நேரலை நாடகத்தின் நடுவில் இறந்த கேரத் ஜோன்ஸ்: மனதைவிட்டுப் போகாத அனுபவங்கள்

மான்செஸ்டர்வாசி

1958 நவம்பர் 30 அன்று, ஆர்ம்சேர் தியேட்டர் என்ற பிரிட்டிஷ் டிவி நாடகத் தொடரில் 'அண்டர்கிரவுண்ட்' என்ற நாடகம் நேரலையாகப் போய்க்கொண்டிருந்தபோதே நடிகர் கேரத் ஜோன்ஸ் இறந்துபோனது இங்கே எல்லாருக்கும் தெரியும், நேரே விஷயத்துக்கு வருகிறேன். பல வருடங்கள் கழித்து நான் ஒரு முதியோர் இல்லத்தில் இரவுப் பணியில் இருந்தேன். தூக்கம் வராத பாட்டி ஒருவர் பேச்சுவாக்கில், "அந்த ஞாயிற்றுக்கிழமை ஆர்ம்சேர் தியேட்டரை நான் பார்த்தேன்" என்றார். "அண்டர்கிரவுண்ட் நாடகமா?" என்றேன். ஆமாம், லண்டனில் குண்டு விழுந்தபின் சுரங்க ரயில் பாதையில் சிக்கிக்கொண்டவர்களின் கதை என்று சரியாகச் சொன்னார்.

பாதியில் ஒரு நடிகர் இல்லாமல் போனது தெரிந்ததா என்று கேட்டேன். அதுவரை போர்வை நுனியைச் சுருட்டிக்கொண்டிருந்த விரல் நின்றது. "தெரியவே இல்லை. அப்புறம்தான் கேள்விப்பட்டேன். 33 வயதுப் பையன். அவன் முகத்தை நினைத்துப் பார்க்கிறேன், வரமாட்டேன் என்கிறது."

தலையணையைச் சரிசெய்துவிட்டு வந்துவிட்டேன். அந்த விரல் நின்ற நொடி இன்னும் என்னை விடவில்லை.

சபா நாடகக்காரன்

எங்கள் குழுவில் அப்பா வேடம் போடுபவர் சைடு விங்கில் மயங்கி விழுந்துவிட்டார். மேடையில் நான் தனியாக நிற்கிறேன். "அப்பா கோயிலுக்குப் போயிருக்கார்" என்று நானே ஒரு வசனம் சொல்லி ஒப்பேற்றினேன். கைதட்டல் வந்தது. அவர் பிழைத்துக்கொண்டார், ஆனால் அந்தக் கைதட்டல் இன்றைக்கும் உறுத்துகிறது.

ஜோன்ஸ் பிழைக்கவில்லை. அவர் ஏற்ற பாத்திரத்துக்கு நாடகத்தில் மாரடைப்பு வரவேண்டும். அதற்கு முன்பே, இரண்டு காட்சிகளுக்கு நடுவே, கேமராவுக்கு வெளியே, நிஜமாகவே வந்துவிட்டது. கால்பந்து ஆட்டத்தைப் படம் பிடிப்பதுபோல எடுத்துக்கொண்டு போ என்றாராம் தயாரிப்பாளர் சிட்னி நியூமன். நிறுத்தியிருக்க வேண்டும். ஒரு உயிரைவிட நாடகம் பெரிதில்லை.

பழைய டிவி பிரியன்

அண்ணே, உங்கள் கோபம் புரிகிறது, ஆனால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. அங்கே நடிப்பது அதே நொடியில் வீடுகளுக்குப் போய்க்கொண்டிருக்கிறது. இயக்குநர் டெட் கோட்செஃபுக்கு அன்று 27 வயது. கீழே விழுந்தவருக்குச் செய்யவேண்டியதை ஒருபுறம் பார்க்க வேண்டும், கேமரா முன்னால் இருப்பவர்களுக்கு அடுத்து என்ன என்றும் சொல்ல வேண்டும். டொனால்ட் ஹூஸ்டன், பீட்டர் பௌல்ஸ், வாரன் மிட்செல் எல்லாரும் ஜோன்ஸ் இல்லாமலே கதையை இட்டுக்கட்டிக் கடைசிவரை கொண்டுபோனார்கள். அதை இரக்கமற்ற செயல் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அந்த நாடகம் ஒளிபரப்பான ஸ்டூடியோ இருந்த இடத்தை, மான்செஸ்டரின் டிட்ஸ்பரி பகுதிக்குப் போய்ப் பார்த்தேன். கேபிடல் என்ற திரையரங்கைத்தான் ஏபிசி என்ற பிரிட்டிஷ் டிவி நிறுவனம் ஸ்டூடியோவாக மாற்றியது. இப்போது அந்த இடத்தில் அடுக்குமாடி வீடுகள். வாசலில் நின்ற என்னிடம், கையில் காய்கறிப் பையோடு வந்த ஒரு பெண், யாரைத் தேடுகிறீர்கள் என்று கேட்டார். கேரத் ஜோன்ஸ் என்றேன். "எத்தனாம் நம்பர் வீடு?" என்றார். பதில் சொல்ல முடியவில்லை.

மான்செஸ்டர்வாசி, உங்களுக்கு ஒன்று சொல்கிறேன். அந்தப் பாட்டியைத் திரும்பப் போய்ப் பாருங்கள். காலையில் போங்கள், வயதானவர்களுக்கு அப்போதுதான் நினைவு தெளிவாக இருக்கும். அனுமதி கேட்டு போனில் பதிவு செய்யுங்கள். எடுத்த எடுப்பில் மரணத்தைப் பற்றிக் கேட்காதீர்கள். டிவி எந்த அறையில் இருந்தது, கூட யார் உட்கார்ந்திருந்தார்கள், அன்று இரவு என்ன சாப்பிட்டார்கள் என்று தொடங்குங்கள், மற்றதெல்லாம் தானாக வரும். நடுவில் அவர் பேச்சை நிறுத்தினால் நீங்களும் பேசாமல் இருங்கள். தேதி, இடம் எழுதி வையுங்கள். ஜோன்ஸின் புகைப்படம் கிடைத்தால் கடைசியில் காட்டுங்கள், முதலிலேயே காட்டினால் படத்தில் பார்த்ததைத்தான் நினைவு என்று சொல்வார்கள். அவருடைய நடிப்பை அந்த நொடியில் பார்த்தவர்கள் இன்னும் எத்தனை பேர் இருக்கப்போகிறார்கள்?

மான்செஸ்டர்வாசி

பாட்டி போன மார்ச்சில் காலமாகிவிட்டார். நீங்கள் சொன்ன கேள்விகளில் ஒன்றை மட்டும் அன்றைக்கே கேட்டிருந்தேன். அது வாடகை டிவி. ஞாயிறு இரவு பக்கத்து வீட்டுக்காரர்களும் வந்துவிடுவார்களாம். அன்று மொத்தம் ஏழு பேர். ஏழு பேருமே கடைசிவரை பார்த்தார்களாம், ஆள் குறைந்தது ஒருவர் கண்ணிலும் படவில்லையாம்.