மிட்செல் விட்டது எந்தப் பதவியை?

குறிஞ்சிக்குமரன்:
நில அளவையர்கள் பற்றிய பேச்சில் நேற்று ஒருவர் எழுதியிருந்தார்: "ஆஸ்திரேலியாவின் தாமஸ் மிட்செல் கொள்கைக்காகப் பதவியைத் தூக்கி எறிந்தவர்." படித்ததிலிருந்து மனம் ஆறவில்லை. எந்தப் பதவியை எறிந்தார்? 1844 ஏப்ரலில் போர்ட் பிலிப் (மெல்பர்ன் பக்கம்) வட்டாரத்து வாக்காளர்கள் அவரை நியூ சவுத் வேல்ஸ் சட்டமன்றத்துக்கு அனுப்பினார்கள். ஆகஸ்டிலேயே விலகிவிட்டார். அரசு நில அளவைத் துறையின் தலைமைப் பொறுப்பான சர்வேயர் ஜெனரல் வேலை மட்டும் 1855-இல் சாகும்வரை கையில் இருந்தது. மக்கள் கொடுத்ததை விட்டார், சம்பளம் கொடுத்ததை விடவில்லை.

சங்கிலிக்காரன்:
அதை எழுதியவன் நான்தான், தம்பி. பாதியை மறைத்துப் பேசாதீர்கள். அரசு ஊழியர் சபையில் அரசுக்கு ஆதரவாக நிற்க வேண்டும் என்றார் ஆளுநர் கிப்ஸ். தொகுதிக்காரர்கள் அனுப்பியவன் அவர்களுக்காகத்தான் பேசுவேன் என்றார் மிட்செல். தலையாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தால் இரண்டையும் வைத்திருக்கலாம். ஆட்டவில்லை, விலகினார். இதற்குப் பெயர் கொள்கை இல்லையா?

அப்புறம், அந்த வேலை என்ன லேசானதா? 1828-இல் முந்தைய சர்வேயர் ஜெனரல் ஆக்ஸ்லி இறந்ததும் பொறுப்புக்கு வந்தவர், நியூ சவுத் வேல்ஸின் 19 கவுண்டிகளையும் (மாவட்டம் மாதிரி) ஒரே வரைபடத்தில் கொண்டுவந்து 1834-இல் அச்சிட்டார். காடு மூடிய மலையுச்சிகளில் மரத்தை வெட்டிச் சாய்த்தால்தான் அடுத்த உச்சி கண்ணில் படும். நான் 31 வருஷம் சர்வே துறையில் இருந்தவன். நிலம் அளக்கும் 66 அடிச் சங்கிலியில் 100 லிங்க், அதாவது கண்ணி. வெயிலில் இரும்பு சுட்டு உள்ளங்கை கொப்பளிக்கும். ஒரு எல்லைக்கல்லைத் தப்பாக நட்டால் மூன்று தலைமுறை கோர்ட்டுக்கு அலையும். இந்த வேலையை யார் கையில் விட்டுவிட்டுப் போவது?

குறிஞ்சிக்குமரன்:
உங்கள் கை கொப்பளித்ததற்கு வருந்துகிறேன் ஐயா. எந்தப் பதவியை எறிந்தார்?

தாமிரபரணிக்கரை:
இரண்டு பேரும் பதவியையே பிடித்துக்கொண்டு தொங்குகிறீர்கள். 1836 மே 27, முர்ரே ஆற்றங்கரை. பின்தொடர்ந்து வந்த பழங்குடி மக்கள்மீது அவர் ஆட்கள் சுட்டார்கள். ஆற்றில் இறங்கி நீந்தியவர்களையும் விடவில்லை. ஏழு பேர் செத்ததாக மிட்செலே தன் பயண நூலில் எழுதியிருக்கிறார். அந்த இடத்துக்கு அவர் வைத்த பெயர் மவுண்ட் டிஸ்பெர்ஷன். கூட்டத்தைச் சிதறடித்த மலையாம்! சிட்னியில் விசாரணை நடந்தது, லேசாகக் கண்டித்து விட்டுவிட்டார்கள். இவருக்கா கொள்கைப் பட்டம்?

சங்கிலிக்காரன்:
அந்தச் சாவுகளை நான் நியாயப்படுத்தவில்லை. ஆனால் மனிதரை முழுதாகப் பாருங்கள். 1845–46 பயணத்தில் வழிகாட்டிய பழங்குடிக்காரர் யுரானி 1850-இல் இறந்தபோது, மொலாங் அருகே அவர் புதைகுழிக்குக் கல்வெட்டு வைக்க ஏற்பாடு செய்தவர் மிட்செல். ஊர், ஆறுகளுக்குப் பழங்குடிப் பெயர்களையே வரைபடத்தில் எழுத வேண்டும் என்று நின்றவரும் அவர்தான்.

தாமிரபரணிக்கரை:
ஒரு கல் நட்டால் ஏழு உயிர் சரியாகிவிடுமா? பழங்குடிப் பெயர்மேல் அத்தனை மதிப்பென்றால் அந்த மலைக்கு மட்டும் ஏன் இந்தப் பெயர்? இதற்குப் பதில் சொல்லுங்கள் பெரியவரே.

வைகைவாசகன்:
ஆள் யாரையும் சும்மா விட்டதில்லை. 1851-இல் அளவைத் துறைச் செலவு அதிகம் என்று அரசியல்வாதி ஸ்டூவர்ட் டொனால்ட்சன் பேசியதற்காக, துப்பாக்கிச் சண்டைக்கே கூப்பிட்டார். ஆளுக்கு மூன்று குண்டு. ஒன்று டொனால்ட்சனின் தொப்பியைத் துளைத்துப் போனது. அந்த டொனால்ட்சன்தான் 1856-இல் நியூ சவுத் வேல்ஸின் முதல் பிரிமியர், நம்ம ஊர் முதலமைச்சர் மாதிரி.

சங்கிலிக்காரன்:
துறையின் மானத்துக்காக உயிரையே பணயம் வைத்தார். சம்பளத்துக்காக ஒட்டிக்கொண்டவன் செய்கிற காரியமா அது?

குறிஞ்சிக்குமரன்:
செலவுக்குக் கணக்குக் கேட்டால் துப்பாக்கி எடுப்பது மானமா? 1855-இல் அந்தத் துறையை விசாரிக்க அரசே ஆணையம் போட்டதே, அதையும் சொல்லுங்கள். மூன்றாவது தடவையாகக் கேட்கிறேன், எந்தப் பதவியை எறிந்தார்?

சங்கிலிக்காரன்:
உங்கள் வழக்கம் எனக்குத் தெரியும். இந்தியாவை அளக்க லாம்டன் 1802-இல் பரங்கிமலைப் பக்கம் அடிக்கோடு (மற்ற அளவுகளுக்கெல்லாம் ஆதாரமான முதல் கோடு) அளந்த கதையை நான் எழுதியபோதும், எல்லாம் அவருக்குப் பின் வந்த எவரெஸ்ட் செய்தது என்று ஒற்றைக்காலில் நின்றீர்கள். இன்றுவரை ஒப்புக்கொள்ளவில்லை.

குறிஞ்சிக்குமரன்:
லாம்டன் இங்கே எங்கே வந்தார்? அந்தப் பேச்சில் நான் கேட்டதற்கும் நீங்கள் இன்னும் பதில் தரவில்லை.

வைகைவாசகன்:
போர்ட் பிலிப்காரர்களை நினைத்தால்தான் பாவமாக இருக்கிறது. சபை கூடுவது சிட்னியில். மெல்பர்னில் பிழைப்பை விட்டுவிட்டு அவ்வளவு தூரம் போய் உட்கார ஆள் கிடைக்காமல் சிட்னிக்காரரைத் தேடினார்கள். அவரும் ஐந்து மாதத்துக்குள் போய்விட்டார்.

சங்கிலிக்காரன்:
போனவர் ஓய்வெடுக்கப் போகவில்லை. 63 வயதில், பிரெய்ட்வுட்–நெலிகன் சாலைக்குக் கோடு பார்க்கப் போன இடத்தில் குளிர் தாக்கி, 1855 அக்டோபரில் இறந்தார். கடைசி மூச்சுவரை சர்வேயர்.

குறிஞ்சிக்குமரன்:
ஆமாம், சர்வேயர் ஜெனரல். நான் முதலில் இருந்து சொல்வதும் அதைத்தானே ஐயா?

சங்கிலிக்காரன்:
நீங்கள் சொல்வது வேறு. 1834 வரைபடத்தை ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள், பேசலாம்.