கிக் பாக்ஸிங் ஆடியவர் புதியவர் பிரிவில் இறங்கலாமா?

குழுவில் உள்ள ரெஃபரிகள், பயிற்சியாளர்கள் உதவ வேண்டும். 17 வயது வீரர் ஒருவரை அமெச்சூர் குத்துச்சண்டைப் போட்டிக்குப் பதிவு செய்ய வேண்டும். குத்துச்சண்டையில் இதுவரை ஒரு பவுட்கூட (போட்டிச் சண்டை) ஆடியதில்லை. ஆனால் கிக் பாக்ஸிங்கில் நான்கு பவுட் ஆடியிருக்கிறார். புதியவர் பிரிவில் குறைந்த பவுட் ஆடியவர்கள்தான் இறங்கலாம்; அந்தக் கணக்கில் இந்த நான்கும் சேருமா? உங்கள் சங்கத்தின் விதி எப்படி? விதிப்புத்தகத்தில் உள்ள வரியையே தந்தால் பேருதவி.

வயதில் குழப்பமில்லை. பிறந்த தேதியை அல்ல, பிறந்த ஆண்டைத்தான் பார்ப்பார்கள் என்பதால் யூத் பிரிவு (17, 18 வயது), மூன்று சுற்று, ஹெட்கார்டு (தலைக்காப்பு) கட்டாயம். எடையும் சரியாக இருக்கிறது. தண்ணீரைக் குறைத்து எடை இறக்கும் வேலை வேண்டாம் என்று முடிவாகிவிட்டது.

இன்னொரு கேள்விதான் முக்கியம். மூன்று வாரத்துக்கு முன் ஸ்பாரிங்கில் (பயிற்சிச் சண்டையில்) தலையில் அடி வாங்கி விழுந்தார். போட்டியில் தலையடியால் நாக்அவுட் ஆனால் குறைந்தது 30 நாள் ஓய்வு. அந்த நாட்களில் ஸ்பாரிங்கும் கூடாது. பயிற்சியில் விழுந்தாலும் அதே கணக்குதான். ஆனால் அங்கே எழுதி வைக்க ரெஃபரி இல்லாததால் பலர் மறைத்துவிடுகிறார்கள். மூளை ஆறுமுன் அடுத்த அடி விழுந்தால் உயிருக்கே ஆபத்து, அதனால் இங்கே மறைக்கப் போவதில்லை. இந்த விவரத்தை வீரரின் பவுட், காய விவரங்கள் இருக்கும் பதிவுப் புத்தகத்தில் யார் எழுத வேண்டும், பயிற்சியாளரா மருத்துவரா? மீண்டும் இறங்கத் தகுதிச் சான்று எந்த மருத்துவரிடம் வாங்கினால் ஏற்பார்கள்? இதைக் கையாண்டவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.