வங்க நாவல்களில் மனைவியின் மனம்: என்ன படிக்கலாம்?

நண்பர்களே, தாகூரின் 'நஷ்டநீட்' (1901) படித்ததிலிருந்து மனம் அதிலேயே நிற்கிறது. மைசூருக்குக் கிளம்பும் கணவன் பூபதியிடம் தன்னையும் அழைத்துப் போகச் சொல்கிறாள் சாரு. அவன் தயங்குகிறான். ஒரு கணத்தில் அவள் முகம் வெளுத்துவிடுகிறது. அப்புறம் அவனே 'வா' என்கிறான், அவள் வேண்டாம் என்கிறாள். தான் மனதைப் பறிகொடுத்த, கணவனின் அத்தை மகன் அமலை மறக்க முடியாதவளைத் தாகூர் எந்த இடத்திலும் குற்றவாளி ஆக்கவில்லை.

சரத் சந்திரரின் 'கிருஹதாஹ'த்தில் கணவனுக்கும் அவன் நண்பன் சுரேஷுக்கும் நடுவே அல்லாடும் அசலாவும் இதே மாதிரிதான் உலுக்கினாள்.

இரண்டுமே ஆண்கள் எழுதியவை. திருமணமான பெண்ணின் இப்படிப்பட்ட காதலை வங்கப் பெண் எழுத்தாளர்கள் எழுதிய நாவல்கள் எவை? த.நா. குமாரசாமி போன்றவர்கள் வங்கத்திலிருந்து நேரடியாகச் செய்த தமிழாக்கங்கள் இப்போது எங்கே கிடைக்கும்? பழைய பிரதியானாலும் சரி, சொல்லுங்கள்.