எக்ஸ்பிளெடிவ்: 'நிரப்புச்சொல்' ஏன் போதாது

வணக்கம்.

நம் கலைச்சொல் பட்டியலில், ஆங்கிலத்தின் 'எக்ஸ்பிளெடிவ்' (expletive) என்பதற்கு 'நிரப்புச்சொல்' என்றே வைத்துவிடலாம் என்ற கருத்துக்கு ஆதரவு கூடிக்கொண்டே போகிறது. எனக்கு அதில் உடன்பாடில்லை. ஏன் என்று கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன், முடிவு எடுப்பதற்கு முன் பொறுமையாகப் படியுங்கள்.

லத்தீனில் 'நிரப்பு' என்ற பொருளுள்ள வினையிலிருந்து 'எக்ஸ்பிளெடிவ்' வந்தது என்பது சரிதான். முதலில் செய்யுளடியில் அளவு குறையும் இடத்தில் இட்டு நிரப்பும் சொல்லுக்குத்தான் அந்தப் பெயர் இருந்தது. அப்புறம், வாக்கியத்தின் பொருளில் எதையும் கூட்டாமல் வாயில் வந்து விழுகிற சொல்தானே என்ற எண்ணத்தில், 19ஆம் நூற்றாண்டில் கெட்ட வார்த்தைக்கும் அதே பெயர் ஒட்டிக்கொண்டது. 1974இல் அமெரிக்க அதிபர் நிக்சனின் உரையாடல் பதிவுகளை எழுத்தில் வெளியிட்டபோது திட்டு வந்த இடங்களில் எல்லாம் 'எக்ஸ்பிளெடிவ் நீக்கப்பட்டது' என்று போட்டார்கள், அதன்பின் பொதுமக்களுக்கு அந்த ஒரு பொருள்தான் மனத்தில் நிற்கிறது. இலக்கணம் எழுதுபவர்களோ 'இட் இஸ் ரெயினிங்' என்பதில் வரும் 'இட்'டையும் அப்படியே அழைக்கிறார்கள். பிரெஞ்சில் அஞ்சுதலைச் சொல்லும் வினைக்குப் பின்னால் எதிர்மறைப் பொருள் துளியும் இல்லாமல் வந்து நிற்கும் எதிர்மறைச் சொல்லுக்கும் அதே பெயர்தான். இந்த நாலும் ஒரு பெயரில் சேர்ந்தது ஆங்கிலத்தில் நடந்த வரலாறு. அந்த மூட்டையை அப்படியே நாம் தூக்கிக்கொள்ள ஒரு தேவையும் இல்லை.

எளிதானதை முதலில் முடித்துவிடுகிறேன். 'இட் இஸ் ரெயினிங்' வகைக்கு 'வெற்றெழுவாய்'. பிரெஞ்சு வகைக்கு 'வெற்றெதிர்மறை'. இடம் இருக்கிறது, உள்ளே பொருள் இல்லை, அவ்வளவுதான் விஷயம். தமிழில் 'மழை பெய்கிறது' என்றால் முடிந்தது, எழுவாய் இல்லாத வாக்கியமும் நமக்கு இயல்பு, எனவே பிற மொழிகளை விளக்கும்போதுதான் இவை தேவைப்படும்.

செய்யுள் வகைக்குப் புதிதாக எதுவும் வேண்டாம். தொல்காப்பியத்தின் இடையியல் என்ற பகுதி, தனித்து நில்லாமல் பிற சொற்களைச் சார்ந்து வரும் இடைச்சொற்களை ஏழாகப் பிரிக்கும்போதே அசைநிலை (பொருளின்றிச் சேர்ந்து நிற்பது) வேறு, இசைநிறை வேறு, தத்தம் குறிப்பால் பொருள் தருவன வேறு என்று தனித்தனியாக வைத்திருக்கிறது. அடியில் ஓசையை நிறைக்க வருவது இசைநிறை. ஆங்கிலம் ஒரே சொல்லுக்குள் போட்டுக் குழப்பியதை நம் பழைய நூல் தொடக்கத்திலேயே பிரித்து வைத்திருக்க, நாம் திரும்பப் போய் 'நிரப்பு' என்று ஒன்றாக்குவது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

சரி, அந்த நாலுக்கு வெளியே, ஆனால் 'நிரப்புச்சொல்' என்ற பெயருக்குள் வந்துவிடும் இன்னொரு வகையும் உண்டு. பேச்சில் வரும் 'ம்', 'வந்து', 'அதாவது', 'பாத்தீங்கன்னா' ஆகியவற்றை 'அசைநிலை' என்றே சொல்லலாமே என்று ஒருவர் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. ஆனால் பொருந்தாது என்றே நினைக்கிறேன். மியா, இக, மோ, மதி, இகும், சின் என்ற ஆறையும் தொல்காப்பியர் முன்னிலை அசைச்சொல் என்கிறார்; 'மொழிமோ', 'கேண்மதி' என்று கேட்பவரை நோக்கிய வினையோடு ஒட்டி வருபவை அவை. இன்றைக்கு 'சொல்லேன்', 'சொல்லுப்பா' என்பதில் கடைசியில் ஒட்டுவதற்கு அவை நெருக்கமானவை. பேசுகிறவர் அடுத்த சொல்லைத் தேடும் நேரத்தில் வருவதற்கும் அதற்கும் தொடர்பில்லை. நன்னூல் பட்டியலில் 'தான்' கூட அசைமொழியாக இருக்கிறது, இன்றைய 'அவன்தான் செய்தான்' என்பதில் உள்ள 'தான்' இல்லாவிட்டால் வாக்கியத்தின் அழுத்தமே மாறிவிடும். தவிர, மொழியியலில் 'அசை' என்பதைச் சிலபிள் (சொல்லின் ஒலித்துண்டு) என்ற பொருளில் எல்லோரும் பயன்படுத்தத் தொடங்கியாயிற்று.

இந்தப் பேச்சுச் சொற்கள் வெற்றிடத்தை நிரப்புவதும் இல்லை. கிளார்க், ஃபாக்ஸ் ட்ரீ என்ற ஆய்வாளர்கள் இருவரும் 2002இல் ஆங்கிலத்தின் 'அ', 'அம்' இரண்டையும் ஆராய்ந்து, முதலாவது சிறு தாமதத்தையும் இரண்டாவது பெருந்தாமதத்தையும் முன்கூட்டி அறிவிக்கின்றன, எனவே அவையும் சொற்களே என்று வாதிட்டார்கள். 'நான் இன்னும் முடிக்கவில்லை, குறுக்கே வராதே' என்பது அதற்குள் இருக்கும் செய்தி. பேசக் கிடைத்த தன் முறையை விட்டுக்கொடுக்காமல் தாங்கிப் பிடிக்கும் சொல். அதனால் 'தாங்குசொல்' என்று முன்மொழிகிறேன். சுமைதாங்கி போல, கொஞ்ச நேரம் பாரத்தை இறக்கி வைக்க, ஆனால் கைவிடாமல் இருக்க.

தமிழ்த் தாங்குசொற்களுக்கு இலக்கணம் உண்டு, அதுவும் கறாரான இலக்கணம். 'வந்து' என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். 'அவர் வந்து நேற்றே போய்விட்டார்' என்றால் இரண்டு பொருள்: வந்துவிட்டுப் போனார் என்பது ஒன்று, தாங்குசொல்லாக வருவது இன்னொன்று, பின்னதில் அவர் வரவே வேண்டியதில்லை. 'இங்கே வந்து' என்று ஓர் அடையைச் சேர்த்தால் தாங்குசொல் மறைந்து வினையெச்சம் திரும்பி வந்துவிடும். 'வராமல்' என்று எதிர்மறையாக்கினாலும் அப்படியே. 'சிவப்பு வந்து சட்டை' என்று பெயரடைக்கும் பெயருக்கும் நடுவில் யாரும் இயல்பாகச் சொல்வதில்லை. எழுவாய் முடிந்த இடம், வேற்றுமைத் தொடர் முடிந்த இடம், இவைதான் அதன் வாசல்கள். 'பாத்தீங்கன்னா' இன்னும் சுவையானது: எதைப் பார்க்க வேண்டும் என்ற செயப்படுபொருள் போய்விட்டது, ஆனால் மரியாதை போகவில்லை, நண்பனிடம் 'பாத்தேன்னா' என்று மாறிவிடுகிறது. பொருளெல்லாம் தேய்ந்த பிறகும் கேட்பவர் யார் என்பது மட்டும் உள்ளே உயிரோடு இருக்கிறது.

இப்போது கெட்ட வார்த்தை. எனக்கு முக்கியமானது இதுதான்.

ஆங்கிலத்தில் இவை வாக்கியத்துக்கு வெளியிலிருந்து செருகப்படுபவை. சொல்லின் நடுவிலேயே நுழையும், 'ஆப்ஸொலூட்லி'க்குள் 'பிளடி' என்ற திட்டு புகுந்து 'ஆப்ஸோ-பிளடி-லூட்லி' ஆவது போல. அழுத்தம் பெறும் பகுதிக்குச் சற்று முன்னால்தான் நுழைய முடியும் என்பதை மொழியியலாளர் ஜான் மெக்கார்த்தி 1982இல் விளக்கினார். எடுத்துவிட்டால் வாக்கியம் சேதமில்லாமல் நிற்கும். ஆகவே அங்கே 'நிரப்பு' என்ற பெயர் ஓரளவு ஒட்டும்.

தமிழில் கதை வேறு. 'சொல்லித் தொலை', 'வந்து தொலைந்தான்', 'கொடுத்துத் தொலைத்தேன்', 'படித்துக் கிழித்தாய்', 'கொடுத்து அழு'. இங்கே எரிச்சலைச் சுமக்கும் சொல்தான் வாக்கியத்தின் முற்று. காலம் அதில் இருக்கிறது, திணை பால் எண் இடம் அதில் இருக்கிறது. எடுத்துவிட்டுப் பாருங்கள், 'நேற்று அவன் வந்து' என்று தொங்கும். அதோடு நிற்கவில்லை: 'வந்து தொலைந்தான்' என்கிறோம், 'சொல்லித் தொலைத்தான்' என்கிறோம், அதாவது முன்னால் நிற்கும் வினையைப் பார்த்துத் திட்டும் துணைவினை தன்வினை பிறவினை வடிவத்தைத் தேர்ந்துகொள்கிறது. 'அங்கே போய்ச் சொல்லித் தொலைக்காதே' என்று எதிர்மறையும் ஏற்கிறது. கோபத்தில் இருக்கிறவன்கூட இதில் தவறுவதில்லை. இதை நிரப்புச்சொல் என்று ஒரு மாணவருக்கு எப்படிச் சொல்லிக்கொடுப்பது?

எதிர்மறையோடு மட்டும் வரும் வகை ஒன்று உண்டு. 'ஒரு மண்ணும் தெரியாது', 'ஒரு இழவும் புரியவில்லை'. இன்னும் கடுமையான சொற்களையும் இந்த இடத்தில் போடுவார்கள், அவற்றை நீங்களே நிரப்பிக்கொள்ளுங்கள், இலக்கணம் ஒன்றுதான். 'ஒரு மண்ணும் தெரியும்' என்று உடன்பாட்டில் சொல்ல முடியாது. 'உம்' விட்டுப்போனாலும் ஆகாது. மண், இழவு என்ற பெயர்களின் சொந்தப் பொருள் போய், 'எதுவும்' என்பதோடு ஒரு சலிப்பும் சேர்ந்த பொருள் மிஞ்சுகிறது.

வினாவிலும் ஓர் ஒழுங்கு தெரிகிறது. 'என்ன இழவு இது' என்போம், 'எந்தச் சனியன் இதை இங்கே வைத்தது' என்போம். 'எங்கே இழவு போனான்' என்று எனக்கு வராது, அங்கே 'எங்கே போய்த் தொலைந்தான்' என்று துணைவினை வந்து பொறுப்பை ஏற்கிறது. பெயருக்கு இடமுள்ள வினாவில் பெயர், இல்லாத இடத்தில் வினை.

'வசைச்சொல்' என்ற முன்மொழிவும் இதனால்தான் எனக்குப் போதவில்லை. வசை என்றால் வசைபடுபவர் ஒருவர் வேண்டும். 'மூதேவி' என்று ஒருவரைக் கூப்பிட்டால் வசை; 'வண்டி நின்று தொலைந்தது' என்றால் யாரையும் ஏசவில்லை. வியப்பிலும் இது வரும், 'எப்படிப் பாடுகிறான் பாவி' என்பதில் ஏச்சு எங்கே இருக்கிறது? 'இடக்கர்' என்றால் என்ன என்றும் கேட்டிருந்தீர்கள். இடக்கரடக்கலில் அடக்கப்படுவது இடக்கர், அதாவது அவையில் சொல்லத்தகாத சொல். தொல்காப்பியம் 'அவையல் கிளவி' என்கிறது. அது சொல்லின் தகுதியைப் பற்றிய பெயர், அப்படியே வைத்துக்கொள்ளலாம். ஆனால் 'தொலை'யும் 'மண்'ணும் இடக்கர் அல்ல, இருந்தும் அதே வேலையைச் செய்கின்றன. வேலைக்குத் தனிப்பெயர் வேண்டும்.

என் முன்மொழிவு 'கடுங்குறிப்பு'. 'தத்தம் குறிப்பின் பொருள்செய்குந' என்ற வகையிலிருந்து 'குறிப்பு', கோபமோ சலிப்போ வியப்போ எதுவானாலும் அதன் மிகுதியைச் சொல்லக் 'கடு'. ஒரு கலைச்சொல் நிலைக்குமா என்பதற்கு அது பிற சொற்களோடு சேர்கிறதா என்று பார்ப்பேன்: கடுங்குறிப்புத் துணைவினை, கடுங்குறிப்புப் பெயர், 'பாழாய்ப்போன கதவு' என்பதில் கடுங்குறிப்பு அடை. சிக்காமல் வருகிறது. 'கடுஞ்சொல்' ஏற்கெனவே வழக்கில் இருப்பதால் குழம்பும் என்று யாராவது சொல்லக்கூடும். கடுஞ்சொல் சொல்லைக் குறிக்கிறது, கடுங்குறிப்பு அது வாக்கியத்தில் செய்வதைக் குறிக்கிறது என்று ஒரு வரி வரையறை கொடுத்தால் போதும்.

'ஆப்ஸோ-பிளடி-லூட்லி' வகைக்கு மட்டும் எனக்கு இன்னும் திருப்தியான சொல் கிடைக்கவில்லை. 'இடைச்செருகல்' என்றால் சுவடியில் பிற்காலத்தில் நுழைந்த பாட்டு என்று ஆகிவிடும். 'கடுங்குறிப்பு உள்ளொட்டு' (உள்ளொட்டு: சொல்லின் நடுவில் நுழையும் ஒட்டு) என்று போட்டால், உள்ளொட்டு என்பது இலக்கணப் பொருள் தரும் ஒட்டு மட்டும்தான் என்று கருதுபவர்கள் ஏற்பார்களா? ஒட்டுகளில் வேலை செய்பவர்கள் இதற்கு மட்டும் முதலில் பதில் எழுதுங்கள், மற்றச் சொற்களைப் பட்டியலில் ஏற்றுவதில் மறுப்பு இருந்தால் எடுத்துக்காட்டோடு சொல்லுங்கள்.