லிபியாவுல கடாபி போயி இத்தனை வருஷம் ஆச்சு, ஆயுதக்குழுக்களை ஏன் இன்னும் கலைக்க முடியல?

வைகைக்கரை கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். எம்.ஏ. அரசியல் அறிவியல் படிக்கிறேன், செமினாருக்கு லிபியா எடுத்திருக்கேன், ஒரே ஒரு இடத்துல வந்து நின்னுட்டேன். 2011 பிப்ரவரில பெங்காசில ஆரம்பிச்ச போராட்டம், அக்டோபர் 20 அன்னிக்கு சிர்த்ல கடாபி கொல்லப்பட்டதோட சண்டை முடிஞ்சுது. 2012 ஜூலைல எலெக்‌ஷன் வச்சாங்க, ஜனங்க வரிசைல நின்னு ஓட்டு போட்டாங்க. எண்ணெய்க் காசு இருக்கு, ஜனத்தொகை நம்ம சென்னை அளவுக்குக்கூட வராது. இவ்வளவும் இருந்து அந்தத் துப்பாக்கிகளை மட்டும் ஏன் திரும்ப வாங்க முடியல? பக்கத்து துனிசியாவுலயும் அதே வருஷம்தான் ஆட்சி கவுந்துச்சு, அங்க இப்படி ஆகலையே. "பழங்குடிச் சமூகம், அதான் இப்படி"ன்னு எங்க சார் ஒரே வரில முடிச்சிட்டார். எனக்கு அது ஒத்துக்கல. அங்க வேலை பார்த்தவங்க யாராவது இருந்தா கொஞ்சம் சொல்லுங்க.

---

ஒயர்மேன்_கருப்பையா:

தம்பி, 2012 கடைசில இருந்து 2014 ஆகஸ்ட் வரைக்கும் திரிப்போலில ஒரு கட்டட சைட்ல எலக்ட்ரீஷியனா இருந்தேன். புத்தகத்துல இருக்கறது எனக்குத் தெரியாது, பார்த்ததைச் சொல்றேன்.

ரூம்ல இருந்து சைட்டுக்குப் போற வழில மூணு செக்போஸ்ட், அவங்க பாஷைல பவ்வாபா. மூணுலயும் மூணு ஊர் ஆளுங்க. நாங்க ரொட்டி வாங்கற கடைக்குப் பக்கத்து பவ்வாபால ஒரு பையன் நிப்பான், பத்தொம்பது இருபது வயசு இருக்கும், மேல போலீஸ் சட்டை, கீழ ஜீன்ஸ், கால்ல ரப்பர் செருப்பு. அவங்க டொயோட்டா பிக்கப் கதவுல பச்சை பெயின்ட்ல அவங்க கத்தீபா (ஆயுதக்குழு) பேரைக் கையால எழுதியிருந்தாங்க, அதுக்கு மேலயே உள்துறை அமைச்சகம்னு ஒரு ஸ்டிக்கர். ஸ்டிக்கர் சின்னது, அதனால ரெண்டு பக்கமும் பழைய எழுத்து நல்லாவே தெரியும். ஒருநாள் எனக்குத் தெரிஞ்ச அரபில கேட்டேன், உன் ஆபீசர் யாருன்னு. அமைச்சகத்துல யார் பேரையாவது சொல்லுவான்னு பார்த்தா, சண்டைக் காலத்துல இருந்து அவனுக்குக் கமாண்டரா இருந்தவர் பேரைச் சொன்னான். சம்பளம் அரசாங்கத்துது, ஆனா அவன் கைக்கு வர்றது அந்தக் கமாண்டர் வழியா. உங்க கேள்விக்குப் பதில் அந்த வண்டிக் கதவுலயே இருக்குன்னு நான் நினைக்கிறேன்.

2014 ஜூலைல ஏர்போர்ட்டுக்காக ஜின்தான்ங்கற ஊர் ஆளுங்களும் மிஸ்ராத்தாங்கற ஊர் ஆளுங்களும் அடிச்சுக்கிட்டாங்க பாருங்க, ஒரு மாசத்துக்கு மேல ஓடுச்சு, ஏர்போர்ட்டே எரிஞ்சு போச்சு. நாங்க ரோடு வழியா ராஸ் ஜதீர் பார்டர் தாண்டி துனிசியா வந்துதான் ஊர் வந்து சேர்ந்தோம். கடைசி மூணு மாச சம்பளம் இன்னிக்கு வரைக்கும் வரல, கம்பெனி பேர் இங்க வேண்டாம்.

---

பழைய_பேப்பர்:

கருப்பையா அண்ணே சொன்ன ஸ்டிக்கர் கதைதான் மொத்த விஷயமும். வைகைக்கரை, உங்க கேள்வில துனிசியாவை இழுத்தீங்க இல்லையா, அங்கயே ஆரம்பிங்க. 2011 ஜனவரி 14ல அதிபர் பென் அலி ஓடிப்போனப்போ துனிசிய ராணுவம் முழுசா அப்படியே இருந்துச்சு. லிபியால ராணுவம்னு சொல்லிக்கற மாதிரி எதுவுமே மிஞ்சல. கடாபியே 1969ல ராணுவக் கலகத்துல வந்தவர், அதனால தன் ராணுவத்தை ஆளாகவே விடல, மகன் கமீஸ் கைல இருந்த 32ஆவது படை மாதிரி சில படைகளுக்குத்தான் நல்ல ஆயுதம் எல்லாம். சண்டைல அதுவும் நொறுங்கிடுச்சு. ஆக புதுசா வந்த அரசுக்கு ரோட்டுல நிறுத்த ஆளே இல்ல, ஏற்கனவே ரோட்டுல நிக்கறவனுக்கே சம்பளம் குடுத்து நீதான் போலீஸ்னு சொன்னாங்க. உள்துறைக்குக் கீழ உச்ச பாதுகாப்புக் கமிட்டி, பாதுகாப்புத் துறைக்குக் கீழ லிபியா ஷீல்ட்னு ரெண்டு அமைப்பு. தப்பு எங்கன்னா, ஆள் ஆளாப் பிரிச்சு எடுத்து ட்ரெய்னிங் குடுக்காம, கமாண்டரோட, ஆயுதத்தோட, ஊர்ப்பற்றோட குழு குழுவா அப்படியே சேர்த்தாங்க. குழு கலையவே இல்ல, குழுவுக்கு பட்ஜெட் மட்டும் வந்துச்சு.

காசு வருதுன்னதும் என்ன ஆச்சு? நிஜமா சண்டை போட்டவங்க அதுல ஒரு பங்குதான், ஆனா போராளின்னு பதிவு பண்ணினவங்க ரெண்டு லட்சத்தைத் தாண்டிட்டாங்க. 2012 ஆரம்பத்துல கல்யாணம் ஆனவங்களுக்கு 4,000 தினார், ஆகாதவங்களுக்கு 2,400 தினார்னு ஒரு தொகை குடுத்தாங்க, லிஸ்ட்ல அவ்வளவு மோசடி, ஏப்ரல்ல நிறுத்திட்டாங்க. நிறுத்தினதும் மே 8ஆம் தேதி ஆயுதத்தோட வந்து திரிப்போலில பிரதமர் ஆபீஸையே சுட்டாங்க. 2013 மே மாச வாக்குல அமைச்சகங்களை வளைச்சு நின்னு, கடாபி காலத்துப் பதவில இருந்தவங்களை விலக்கி வைக்கிற சட்டத்தையே பாஸ் பண்ண வச்சாங்க. அதே வருஷம் அக்டோபர் 10, பிரதமர் அலி சைதானை விடியக்காலைல ஓட்டல் ரூம்ல இருந்து தூக்கிட்டுப் போனாங்க, சில மணி நேரத்துல விட்டுட்டாங்கன்னு வைங்க, ஆனா தூக்கினவங்க வெளிநாட்டுக்காரங்க இல்ல, அரசாங்கமே அங்கீகாரம் குடுத்து வச்சிருந்த குழு.

கிழக்கே இன்னும் மோசம். எண்ணெய்த் துறைமுகத்தைக் காவல் காக்க வச்ச படையோட தலைவர் இப்ராஹிம் ஜத்ரான், 2013ல அந்தத் துறைமுகங்களையே பூட்டிட்டு உக்காந்துட்டார். அடுத்த மார்ச்ல அவர் ஆளுங்க ஒரு டேங்கர்ல எண்ணெய் ஏத்தி அனுப்ப, அரசால தடுக்க முடியல, அமெரிக்கக் கடற்படை போய்ப் பிடிச்சுது. அந்தக் கப்பல் விவகாரத்துலதான் சைதான் பதவியே போச்சு.

---

வார்டு_சிஸ்டர்:

ரெண்டு பேரும் சொன்னது சரிதான், ஆனா சம்பளம் சம்பளம்னு மட்டும் எழுதினா ஜனங்க பக்கம் விட்டுப் போயிடும் தம்பி. நானும் அங்க ஒரு ஆஸ்பத்திரில நர்ஸா இருந்தேன். துப்பாக்கியோட வார்டுக்குள்ளயே வந்துடுவாங்க, எங்காளை முதல்ல பாருன்னு டாக்டர் மேசைல துப்பாக்கிய வச்சுட்டு நிப்பாங்க. ஒரு ராத்திரி ரெண்டு கத்தீபா ஆளுங்களும் அடிபட்டு வந்து பக்கத்துப் பக்கத்துக் கட்டில்ல கிடந்தாங்க, வெளியே வராண்டால ரெண்டு தரப்பும் முறைச்சுக்கிட்டு நிக்குது, நான் டிரிப் பாட்டில் மாத்தப் போறப்போ கை நடுங்கிடுச்சு. போலீஸைக் கூப்பிடலாம்னா, வந்து நிக்கறதே அவங்கதானே.

இன்னொண்ணு, பயம். தாவெர்காவைப் பத்திக் கட்டாயம் எழுதுங்க. மிஸ்ராத்தாவுக்குப் பக்கத்து ஊர், கறுப்பு நிற லிபியர்கள், சுமார் 40,000 பேர். மிஸ்ராத்தா முற்றுகைல கடாபி பக்கம் நின்னாங்கன்னு சொல்லி 2011 ஆகஸ்ட்ல ஊரையே காலி பண்ண வச்சு வருஷக்கணக்கா திரும்ப விடல. அந்த ஜனங்க முகாம்ல கிடந்தாங்க. மிஸ்ராத்தாக்காரங்களைக் கேட்டா அவங்க ஊர்ல குண்டு விழுந்த தெருவைக் காட்டுவாங்க, அவங்க இழப்பும் பொய் இல்ல. பழி வாங்க வருவாங்கன்னு எல்லாருக்கும் பயம் இருக்கறப்போ எவன் முதல்ல துப்பாக்கியக் கீழ வைப்பான்?

ஜனங்க சும்மா இருந்தாங்கன்னு மட்டும் எழுதிடாதீங்க. 2013 நவம்பர் 15, வெள்ளிக்கிழமை தொழுகை முடிஞ்சு வெள்ளைக் கொடியோட திரிப்போலில இருக்கற கர்கூர் ஏரியாவுக்கு நடந்து போனாங்க, அங்க இருந்த மிஸ்ராத்தா குழு ஊரை விட்டுப் போகணும்னு கேட்டு. சுட்டுட்டாங்க, நாப்பது பேருக்கு மேல செத்துப் போனாங்க. அவ்வளவு பேர் செத்த பிறகுதான் அந்தக் குழுவை மிஸ்ராத்தாவே திரும்பக் கூப்பிட்டுச்சு. மந்திரிங்களால முடியாததை வெறுங்கையா நடந்து போனவங்க உயிரைக் குடுத்துச் செஞ்சாங்க.

---

வைகைக்கரை:

அக்கா, கர்கூர் விஷயம் எனக்குத் தெரியவே தெரியாது, படிச்சிட்டு கொஞ்ச நேரம் ஒண்ணும் எழுதத் தோணல. பழைய_பேப்பர் சார், 2014ல அரசாங்கமே ரெண்டா உடைஞ்சப்புறம் இந்தக் குழுக்களுக்குச் சம்பளம் நின்னு போச்சா?

---

பழைய_பேப்பர்:

நிக்கல, அதான் கொடுமை. பார்லிமென்ட் கிழக்கே தோப்ரூக் ஊருக்குப் போயிடுச்சு, திரிப்போலில வேற அரசு, ஆனா மத்திய வங்கி ரெண்டு பக்கத்துச் சம்பளப் பட்டியலுக்கும் பணம் அனுப்பிக்கிட்டே இருந்துச்சு. 2016 மார்ச் 30ல ஐநா ஆதரவோட வந்த பிரதமர் சராஜ் தன் தலைநகருக்கே படகுலதான் வர முடிஞ்சுது, கடற்படைத் தளத்துல உக்காந்துதான் ஆட்சியே. அப்புறம் அங்க இருந்த குழுக்களை நம்பித்தான் ஓட்ட வேண்டியதாச்சு, அவங்களுக்கே பெரிய பெரிய அலுவலகப் பேர் கிடைச்சுது. திரிப்போலில அபு சலீம் ஏரியாவைக் கைல வச்சிருந்த கனீவாங்கற கமாண்டர் 2021ல ஸ்திரத்தன்மை ஆதரவு அமைப்புன்னு ஒண்ணுக்குத் தலைவர். அவரை 2025 மே 12 அன்னிக்கு 444ஆவது படையோட தளத்துல சுட்டுக் கொன்னாங்க, அந்தப் படையும் அரசுப் படைதான். மறுநாள் பிரதமர் துபைபா முறைப்படி இல்லாத ஆயுதக்குழுக்களைக் கலைக்கிறேன்னு உத்தரவு போட்டார், உடனே 444க்கும் ரதா படைக்கும் நடு ஊர்ல சண்டை. ரதாவும் அரசு அங்கீகாரம் உள்ளதுதான், அப்போ மித்திகா ஏர்போர்ட்டும் அங்க இருக்கற ஜெயிலும் அவங்க கைலதான் இருந்துச்சு.

---

ஒயர்மேன்_கருப்பையா:

அபு சலீம்னு படிச்சதும் பகீர்னு ஆச்சு, எங்க ரூம் அந்தப் பக்கம்தான் இருந்துச்சு. தம்பி, அந்தப் பவ்வாபா பையனை ஊருக்குக் கிளம்பறதுக்கு முந்தி ஒருதரம் கேட்டேன், இந்தத் துப்பாக்கியக் குடுத்துட்டு காலேஜ் போகலாமேன்னு. குடுக்கறேன், யார்கிட்ட குடுக்கன்னு கேட்டான். ரோட்டுக்கு அந்தப் பக்கம் நின்ன இன்னொரு பிக்கப்பைக் கையக் காட்டி, அவங்களும் அமைச்சகம்தான்னு சொன்னான்.