நிக்சன் தோற்றது முகத்தாலா, பேச்சாலா?

பழைய வண்ணை:
மின்ட் பக்கம் எங்கள் தெருமுனை டீக்கடையில் ராத்திரி எட்டு மணிக்கு மேல் டிவியில் அரசியல் விவாதம் ஓடும். பஸ் சத்தத்தில் ஒரு வார்த்தை காதில் விழாது, ஆனாலும் "இன்னைக்கு இவரு காலி" என்று மாஸ்டர் தீர்ப்பு சொல்லிவிடுவார். நேற்று அதைக் கிண்டல் செய்தேன். பக்கத்தில் இருந்த பெரியவர், அமெரிக்காவிலேயே ஜனாதிபதி தேர்தலில் கென்னடியோடு நடந்த டிவி விவாதத்தில் நிக்சன் அப்படித்தானப்பா தோற்றார், ரேடியோவில் கேட்டவர்களுக்கு அவர்தான் ஜெயித்தார், டிவியில் பார்த்தவர்களுக்குக் கென்னடி என்றார். நிஜமா, டீக்கடைக் கதையா?

ராயபுரம் ஸ்டேஷன்:
பாதி நிஜம். 1960 செப்டம்பர் 26, சிகாகோவில் முதல் விவாதம். அதற்கு முந்தின மாதம் நிக்சன் கார் கதவில் முட்டியை இடித்துக்கொண்டு, அது சீழ் பிடித்து, இரண்டு வாரம் போல ஆஸ்பத்திரியில் கிடந்தார். உடம்பு இளைத்து, சட்டைக் காலர் தொளதொள. ஸ்டூடியோவுக்கு வந்து இறங்கும்போது அதே முட்டியில் திரும்பவும் இடி! முழு மேக்கப் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, தாடி நிழலை மறைக்க ஒரு பவுடரை மட்டும் பூசிக்கொண்டார், விளக்குச் சூட்டில் முகம் வேர்த்து வழிந்தது. வெளிர் சாம்பல் கோட்டு வேறு கறுப்பு வெள்ளை டிவியில் பின்சுவரோடு கலந்துபோனது. கென்னடி அடர்நிறக் கோட்டில் பளிச்சென்று நின்றார். பார்த்தவர்கள் ஏறக்குறைய 7 கோடி பேர்.

கேரம் ரெட்:
அண்ணா, அந்த ரேடியோ சமாச்சாரத்தை மட்டும் அப்படியே நம்பாதீர்கள். ஒரே ஒரு கம்பெனி எடுத்த கணிப்பு அது, அதில் ரேடியோவில் கேட்டவர்கள் முந்நூறு பேர்கூட இல்லை. அன்றைக்கு டிவி இல்லாத வீடுகள் கிராமப்பக்கம்தான் அதிகம், கென்னடி கத்தோலிக்கர் என்பதாலேயே அவருக்கு ஓட்டுப் போடத் தயங்கியவர்களும் அங்கே இருந்தார்கள், அப்புறம் அவர்கள் யார் ஜெயித்ததாகச் சொல்வார்கள்? வியாசர்பாடியில் நாலு கேரம் கிளப்பில் விசாரித்துவிட்டு, தமிழ்நாட்டில் கிரிக்கெட்டைவிட கேரம்தான் பெரிசு என்று எழுதுகிற மாதிரி. மொத்தம் 4 விவாதம் நடந்தது, அடுத்ததிலேயே நிக்சன் மேக்கப் போட்டுத் தேறிவிட்டார். மூன்றாவதில் ஒருவர் லாஸ் ஏஞ்சல்ஸ், ஒருவர் நியூயார்க், நேரில் பார்க்கவே இல்லை. இதையெல்லாம் யார் பேசுகிறார்கள்?

காசிமேடு காத்து:
நிக்சன் டிவி தெரியாத ஆளும் இல்லை. 1952இல் நிதி விவகாரத்தில் புகார் கிளம்பி, துணை ஜனாதிபதி வேட்பாளர் சீட்டே போகிற நிலைமை. டிவியில் உட்கார்ந்து வீட்டுக் கடன், பெண்டாட்டியின் கோட்டு, குழந்தைகளுக்கு வந்த நாய்க்குட்டி என்று பேசியே சீட்டைக் காப்பாற்றிக்கொண்டார். 1960இல் தோற்றது சுமார் 1.1 லட்சம் ஓட்டில், அதை ஒரு பவுடர் டப்பாமேல் போட்டால் எப்படி? ஆனால் பாடம் படித்துக்கொண்டார். 1968, 1972 இரண்டு தேர்தலிலும் விவாதத்துக்கே வரவில்லை, இரண்டிலும் ஜெயித்தார்.

பழைய வண்ணை:
கடைசி விஷயத்தை மாஸ்டரிடம் சொன்னேன். "வராம இருந்தாரு பாரு, அவருதான் விவரம்" என்றபடி ரிமோட்டைத் தேடினார். இன்றைக்காவது சத்தம் வைக்கப்போகிறார் என்று நினைத்தேன், பாட்டு சேனலுக்கு மாற்றிவிட்டார்.