பழைய பட்டியலில் பர்மியப் பெயர்கள் உடைகின்றன, ஃபோன் எண் மட்டும் சரி – உதவி

கடைப்பையன்:
யாங்கோனில் எங்கள் மளிகைக் கடையின் வாடிக்கையாளர் பட்டியல், எக்செல். 2012-லிருந்து அப்பா தட்டியது. புது லேப்டாப்பில் திறந்தால் பெயர்கள் உடைந்து, நடுநடுவே புள்ளி போட்ட வட்டங்கள். ஃபோன் எண்கள் (பர்மிய இலக்கம்தான்) ஒழுங்காகத் தெரிகின்றன. ஜோஜி என்ற பழைய பர்மிய எழுத்துரு போட்டால் அப்பாவின் வரிகள் சரியாகின்றன, தங்கை போன வருடம் சேர்த்தவை கெடுகின்றன. எந்த எழுத்துரு போடுவது?

பழைய டிஸ்கி ஆள்:
எழுத்துருவில் குறையில்லை தம்பி. அப்பா தட்டியது ஜோஜி குறியாக்கம், தங்கை தட்டியது உலகப் பொதுக் குறியாக்கமான யூனிகோட். 2019 அக்டோபர் 1-இல் அரசே யூனிகோடுக்கு மாறும்வரை அங்கே பெரும்பாலான ஃபோன்களில் ஜோஜிதானே!

எழுத்துகளுக்கான ஒரே குறியெண்களை இரண்டும் வேறுவேறு விதமாகப் பயன்படுத்துவதுதான் வம்பு. இலக்கங்கள் இரண்டிலும் ஒன்றே, அதனால் தப்பித்தன. மெய்க்கு இடப்பக்கம் நிற்கும் உயிர்க்குறியை ஜோஜி முதலில் வைக்கும். யூனிகோட் மெய்க்குப் பின்னால் வைக்கும். நம் 'கெ' அப்படியே: டிஸ்கி என்ற பழைய தமிழ்க் குறியாக்கத்தில் கொம்பு முன்னால், யூனிகோடில் 'க' முன்னால். ஒட்டிக்கொள்ள மெய் இல்லாத குறிக்குத்தான் அந்தப் புள்ளி வட்டம்.

கடைப்பையன்:
அப்படியானால் முழுக் கோப்பையும் ஜோஜி-யூனிகோட் மாற்றியில் போட்டுவிடவா அண்ணே?

பழைய டிஸ்கி ஆள்:
ஐயோ, வேண்டாம்! தங்கையின் வரிகள் நாசமாகும். அங்குள்ள வேறு மொழிகளான ஷான், மொன் எழுத்தில் பெயர் இருந்தால் இன்னும் மோசம். அவற்றுக்கான இடங்களைத்தான் ஜோஜி தன் வடிவங்களுக்கு எடுத்துக்கொண்டது. முதலில் நகல் எடுங்கள். அப்புறம் கூகுளின் மியான்மார் டூல்ஸ் என்ற நிரலால் வரிவரியாகச் சோதியுங்கள். மதிப்பு 1-ஐ நெருங்கினால் ஜோஜி, 0-ஐ நெருங்கினால் யூனிகோட். ஜோஜி வரிகளை மட்டும் மாற்றுங்கள். குட்டிப் பெயர்களில் அது தடுமாறும், அவற்றைக் கண்ணால் பாருங்கள்.

கடைப்பையன்:
பெயர்கள் வந்துவிட்டன! ஆனால் 09 என்று தேடினால் பாதி எண்கள் சிக்கவில்லை. கண்ணுக்கு 09-தான் தெரிகிறது.

ரங்கூன் பேத்தி:
பர்மிய பூஜ்யமும் பர்மிய 'வ' எழுத்தும் பார்க்க ஒன்றுபோல இருக்கும், தம்பி. அப்பா 'வ' தட்டியிருப்பார். 7-க்கு 'ர' தட்டுகிறவர்களும் உண்டு. எண் பத்தியை மட்டும் தேர்ந்தெடுத்து மாற்றுங்கள், பெயர்ப் பத்தியைத் தொடாதீர்கள். தமிழ் இலக்கம் ௧-க்குப் பதில் 'க' அடிப்பது மாதிரிதான்.

கடைப்பையன்:
143 இடத்தில் 'வ', அக்கா. அப்பாவிடம் காட்டினேன், "இரண்டும் வட்டம்தானே" என்கிறார்.